காலி வீட்டுக்குப் பூட்டு

மேஸ்திரியின் வலது கை விழுந்தபிறகு அந்த வீட்டில் சத்தம் குறைந்துபோனது. அதற்கு முன்னால் அவர் எதையாவது தட்டாமல் உட்கார்ந்து யாரும் பார்த்ததில்லை. சாப்பாட்டு மேசையைத் தட்டுவார். இந்த வீட்டுக்கு வாடகைக்கு வந்த புதிதில் ஒவ்வொரு சுவராகத் தட்டிக்கொண்டே நடந்தார். பேச்சு மும்முரத்தில் மனைவியின் முதுகைக்கூடத் தட்டுவார். "நான் என்ன தரையா?" என்று அவள் நகர்ந்து உட்காருவாள். டைல்ஸ் ஒட்டுகிறவர்களின் பழக்கம் அது. ஒட்டி முடித்ததும் விரல் முட்டியால் ஒவ்வொன்றாகத் தட்டிக் கேட்பார்கள். அடியில் கலவை நிறைந்திருந்தால் கெட்டியான ஒரு சத்தம் வரும். எங்காவது காலியாகக் கிடந்தால் பானையைத் தட்டினதுபோல் கேட்கும்.

ஒருநாள் காலையில் பல் துலக்கிக்கொண்டிருந்தவரின் கையிலிருந்து பிரஷ் விழுந்தது. எடுக்கக் குனிந்தவர் எழுந்திருக்கவில்லை. பக்கவாதம் என்றார்கள். ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பியபோது கால் அநேகமாக வந்துவிட்டிருந்தது. பேச்சும் லேசான குழறலோடு வந்துவிட்டது. கைதான் வரவில்லை. முழங்கைக்குக் கீழே அது வேறு யாருடையதோபோல் தொங்கியது. உட்காரும்போது இடது கையால் அதை எடுத்து, ஈரத்துணியை வைப்பதுபோல் மடியில் வைத்துக்கொள்வார். அதைப் பார்க்க மாட்டார்.

எக்ஸர்சைஸ் கொடுக்கிற டாக்டரம்மா ஒரு ரப்பர் பந்தைக் கொடுத்து அமுக்கச் சொன்னாள். "விரல்ல ஒரு கோளாறும் இல்ல. விரல நடத்துற இடம்தான் தலைக்குள்ள அடிபட்டிருக்கு. விடாம கேட்டுக்கிட்டே இருந்தா பக்கத்துல இருக்கற இடம் அந்த வேலைய எடுத்துக்கும். கேக்கறது உங்க வேலை."

"நான் என்ன பால் குடிக்கற புள்ளையா, பந்து வெச்சு விளையாட?" என்றார் மேஸ்திரி. பந்து கட்டிலுக்கடியில் உருண்டு போய் அங்கேயே குடியிருந்தது.

அவருடைய மனைவி ஒரு பெரிய ஹோட்டலின் லாண்டரியில் வேலை பார்த்தாள். லாண்டரி என்றால் ஹோட்டலுக்கு அடியில், தரைக்குக் கீழே, ஜன்னல் இல்லாத ஒரு நீளக் கூடம். மேலே மழையா வெயிலா என்று அங்கே தெரியாது. வேலைக்கு வருகிறவர்களின் செருப்பைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். சலவை இயந்திரங்கள் வரிசையாக உறுமிக்கொண்டிருக்கும். விரிப்புகள் சூடான உருளைக்குள் ஒரு பக்கம் போய் மறுபக்கம் காகிதம்போல் வரும். இருவர் எதிரெதிரே நின்று அவற்றைப் பிடித்து மடிக்க வேண்டும். முனையைப் பிடி, உதறு, நெருங்கு, கொடு, விலகு. நாள் முழுக்க எதிரில் நிற்கிறவளை நோக்கிப் போவதும் பிரிவதுமாகவே போகும். அவளுக்கு எதிரில் நிற்பது ஒரு கண்ணாடிக்கார அக்கா. ஆவியில் கண்ணாடி மூடிக்கொண்டாலும் முனை தவறாமல் மடிப்பவள்.

"பந்த அமுக்கினாரா?" என்பாள் அக்கா, நெருங்கும்போது.

"இல்லக்கா."

"எதுதான் பண்றார்?" இது விலகும்போது.

"சுவத்தப் பார்க்கறார். அவர் போட்ட சுவரா இருந்தாலாவது பரவால்ல."

அப்படிப்பட்ட நாட்களில்தான் பாப்பா வந்தாள். பாப்பா என்பது மேஸ்திரியின் தங்கை. காதோரம் நரைத்துவிட்டது, பிள்ளைகள் தோளுக்கு மேல் வளர்ந்துவிட்டார்கள், ஆனாலும் எல்லோருக்கும் அவள் பாப்பாதான். தூரத்து ஊரில் கம்ப்யூட்டர் சர்வீஸ் கடை வைத்திருந்தாள். கடையில் யாரோ விட்டுவிட்டுப் போன ஒரு பழைய கம்ப்யூட்டரை மடியில் வைத்துக்கொண்டு, கொட்டுகிற மழையில் ஆட்டோவில் வந்து இறங்கினாள்.

"அண்ணி, முதல்ல இதுக்குத் தலை துவட்டுங்க. அப்புறம் எனக்கு."

டீ குடித்துக்கொண்டே அதைச் சாப்பாட்டு மேசையில் பொருத்தினாள். ஸ்பீக்கர் வேலை செய்யவில்லை. "சத்தம் இல்லாட்டி என்ன, படம் வருதுல்ல" என்றாள். பிறகு அதில் ஒரு விளையாட்டைப் போட்டாள். ஆற்றில் மரக்கட்டைகள் மிதந்து வருகின்றன. ஓர் அணில் கட்டைக்குக் கட்டை தாவ வேண்டும். தவறினால் தண்ணீர்.

"இது போன்ல விளையாடறதுதானே?" என்றாள் மனைவி. "பஸ்ல எல்லாரும் தேய்ச்சிக்கிட்டு உட்கார்ந்திருக்காங்களே."

"போன்லதான். ஆனா அண்ணன் விரல் போன்ல இழுத்துக்கிட்டுப் போகும், குத்தாது. இங்க கீபோர்டு இருக்கு, அழுத்தினா கட்டைமாதிரி நிக்கும். அதுக்காக இந்த எமுலேட்டர். போன்மாதிரி நடிக்கற புரோகிராம். அந்த அணிலப் பொறுத்தவரைக்கும் அது போனுக்குள்ளதான் இருக்கு."

"கம்ப்யூட்டர்ல இருக்கறது அதுக்குத் தெரியாதா?"

"தெரியாது."

"பாவம்" என்றாள் அவள். பாப்பா டீயைத் துப்பிவிடும் அளவுக்குச் சிரித்தாள்.

மேஸ்திரியை அழைத்து உட்கார வைத்தார்கள். பாப்பா அண்ணனின் இடது கையைத் தூக்கி அவருடைய தொடைக்கு அடியில் செருகினாள். "இது வெளிய வரக்கூடாது. இந்த விசை இடப்பக்கம், இது வலப்பக்கம். ரெண்டே ரெண்டுதான். மேல மூலைல பாருண்ணே, மூணு பச்சை இலை. அதான் உயிர். ஒரு தடவ விழுந்தா ஒரு இலை உதிரும்."

அவர் வலது கையை விசைப்பலகைமேல் வைத்தார். ஆட்காட்டி விரல் நடுங்கியது, ஆனால் இறங்கவில்லை. அணில் கட்டைமேல் நின்று வாலை ஆட்டிக்கொண்டே மிதந்துபோய்த் திரையின் ஓரத்தில் விழுந்தது. ஓர் இலை உதிர்ந்தது. விரல் இறங்கியபோது காலம் கடந்திருந்தது. இன்னோர் இலை. பிறகு விரல் இறங்கி, எழ மறந்து, அணில் இரண்டு கட்டைகளைத் தாண்டி நேராகத் தண்ணீருக்குள் தாவியது. ஆட்டம் முடிந்தது என்று திரை இருண்டது.

"பார்த்தியா" என்றார். கோபமே இல்லை குரலில். "நான் தொட்டா எல்லாம் சாகும். எடுத்துட்டுப் போ பாப்பா." எழுந்து போய்ச் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

கோபம் இல்லாததுதான் மனைவியைப் பயமுறுத்தியது. பந்துக்குக் கோபப்பட்டார். இதற்கு அதுவும் இல்லை. கையை அவர் விட்டுவிட்டார் என்று அந்த நிமிடத்தில் அவளுக்குப் புரிந்தது. அவர் விட்டுவிட்டால் அப்புறம் அதைக் கேட்க யாரும் இல்லை.

சமையலறையில் பாப்பா குரலைத் தாழ்த்தினாள். "அண்ணி, ஒரு வழி இருக்கு. திருட்டு வழி."

"சொல்லு."

"அணில் சாகாம பண்ணிடலாம்."

மத்தியானம் மேஸ்திரி குறட்டை விட ஆரம்பித்ததும் இருவரும் மேசைக்கு வந்தார்கள். பாப்பா விளையாட்டைத் திறந்துவிட்டு, திரையில் அதன் பக்கத்தில் வேறொரு சன்னலைத் திறந்தாள். அதில் படம் எதுவும் இல்லை. வெறும் கட்டங்கள்.

"இந்த ஆறு, அணில், கட்டை, வானம் எல்லாம் நமக்குத்தான் படம் அண்ணி. உள்ளுக்குள்ள எல்லாம் நம்பர். அந்த நம்பரெல்லாம் மெமரில எங்கயோ ஒவ்வொரு வீட்டுல உட்கார்ந்திருக்கு. உயிர் எத்தனை? மூணு. அப்ப மூணு எங்கெல்லாம் இருக்குன்னு தேடுவோம்."

பட்டனை அழுத்தினாள். கட்டங்கள் நிரம்பத் தொடங்கின. மூன்று, மூன்று, மூன்று. உருட்ட உருட்ட அடி தெரியவில்லை.

"இத்தனை மூணா?" மனைவி திரைக்கு அருகில் குனிந்தாள். "இந்த ஒரு அணிலுக்குள்ளயா?"

"மூணு மேகம் இருக்கும். கட்டைக்கு மூணு கணு இருக்கும். நமக்குத் தெரியாத மூணு எவ்வளவோ இருக்கும்."

"இதுல உயிர் எதுன்னு எப்படித் தெரியும்?"

"கொஞ்சம் கொல்லணும்" என்றாள் பாப்பா சாதாரணமாக. "ஒரு தடவ சாகவிட்டா உயிர் ரெண்டாகும். இந்த மூணுகள்ல எதெல்லாம் இப்ப ரெண்டா மாறிச்சுன்னு கேட்போம். மத்த மூணெல்லாம் மூணாவே இருக்கும். அதெல்லாம் நமக்கு வேணாம். நீங்களே தள்ளுங்க."

அவள் விசையை அழுத்தினாள். அணில் நம்பிக்கையோடு தண்ணீரில் தாவியது. ஓர் இலை உதிர்ந்தது. பாப்பா இரண்டு என்று அடித்துத் தேடினாள். அடி தெரியாமல் கிடந்த வரிசை சட்டென்று சுருங்கிச் சின்னக் குவியலானது.

அவள் நாற்காலியின் நுனிக்கு வந்துவிட்டாள். இதை அவள் செய்திருக்கிறாள். வெள்ளை விரிப்பெல்லாம் ஒருநாள் இளஞ்சிவப்பாக வந்தபோது, எந்தத் துணி சாயம் விடுகிறது என்று கண்டுபிடிக்க, மூட்டையைப் பிரித்துப் பிரித்து வெந்நீரில் போட்டுப் பார்த்தார்கள். ஒவ்வொரு முறையும் கொஞ்சம் வெள்ளையைப் பலி கொடுத்துத்தான் அந்த ஒற்றைச் சிவப்புக் கைக்குட்டை கடைசியில் கையில் கிடைத்தது. ஆனால் அது துணி. இங்கே தேடுவது உயிரை. ஒன்று எங்கே இருக்கிறது என்று தெரிய வேண்டுமானால் அதைக் கொஞ்சம் இழந்து பார்க்க வேண்டும் என்பது அவளுக்கு உடம்பெல்லாம் சிலிர்க்கிற விஷயமாக இருந்தது. பிரஷ் கீழே விழுந்த அந்தக் காலையில், இவருக்குள் எந்த வீட்டில் எந்த எண் மாறியதோ.

மறுபடி ஒரு முறை தள்ளினாள். ஒன்று என்று தேடினார்கள். கட்டத்தில் ஒரே ஒரு வரி மிஞ்சியது.

"இதான்" என்றாள் பாப்பா.

அவள் திரையைத் தொடப்போய்க் கையை இழுத்துக்கொண்டாள். "இதுவா?"

பாப்பா அந்த ஒன்றை அழித்து மூன்று என்று எழுதினாள். மேலே மூலையில், உதிர்ந்த இலைகள் இரண்டும் திரும்ப முளைத்தன. மழைக்காலத்தில் சுவரிடுக்கில் முளைப்பதுபோல், யாரும் கேட்காமல். அவள் வாயைப் பொத்திக்கொண்டாள். சிரிக்கவா அழவா என்று அவளுக்குத் தெரியவில்லை.

"இந்தக் கட்டத்துல டிக் போட்டா பூட்டு. எத்தனை தடவ விழுந்தாலும் இது மூணாவே நிக்கும்." அந்த வரிக்கு 'உயிர்' என்று பெயர் எழுதிச் சேமித்து, சன்னலை விளையாட்டுக்குப் பின்னால் தள்ளி மறைத்தாள். "டிக் இருக்கான்னு மட்டும் பார்த்துக்கங்க. அண்ணன்கிட்ட மூச்சு விடாதீங்க. கொன்னுடும்."

சாயங்காலம் பாப்பா கிளம்புமுன் அண்ணனை மிரட்டி, கெஞ்சி, அம்மாமேல் சத்தியம் வாங்கி உட்கார வைத்துவிட்டுப் போனாள். மேஸ்திரி விளையாடினார். அவள் சமையலறையில் முட்டையை உடைத்துக்கொண்டு முதுகைக் காட்டி நின்றாள். பார்க்க முடியவில்லை. ஏமாற்றுகிறவள் ஏமாறுகிறவரின் முகத்தை எப்படிப் பார்ப்பாள்? விசைகளின் சத்தம் மட்டும் கேட்டது. டக். நீண்ட இடைவெளி. டக். டக். அவர் எழுந்து போய்விடவில்லை. அது போதும் என்று நினைத்தாள்.

மறுநாள் காலை அவள் வேலைக்குக் கிளம்பும் நேரத்தில் மின்சாரம் போய்விட்டது. வந்தபிறகு கம்ப்யூட்டரை அவளே போட்டாள். பாப்பா காட்டியபடி விளையாட்டைத் திறந்தாள், பின்னால் அந்தச் சன்னலைத் திறந்தாள். 'உயிர்' என்ற வரி இருந்தது. ஆனால் அதற்கெதிரே மூன்றுக்குப் பதிலாக ஏதோ நீளமான எண். கரண்ட் போனதில் குழம்பியிருக்கும் என்று நினைத்து, அதை அழித்துவிட்டு மூன்று என்று தன் கையால் எழுதினாள். டிக் போட்டாள். கதவைப் பூட்டிவிட்டு இரண்டு முறை இழுத்துப் பார்ப்பதுபோல் அந்த டிக்கை இரண்டு முறை பார்த்தாள். ராத்திரி மேஸ்திரி அணைத்துவிட்டுப் படுப்பார் என்பதால், அன்றிலிருந்து தினமும் அது அவளுடைய காலை வேலையானது. டீ போடுவாள், அவருக்குச் சட்டைப் பித்தான் போடுவாள், அணிலுக்கு உயிர் போடுவாள்.

வாரங்கள் போயின. முதலில் அவர் எதுவும் சொல்லவில்லை. பிறகு ஒருநாள் அவள் செருப்பைக் கழற்றும்போதே, "முதல் பாலம் தாண்டிடுச்சு" என்றார்.

"எது?"

"எதுவா? எங்கப்பனா தாண்டுவான்? அணில்."

"ம்ம்" என்றாள்.

இரண்டாவது பாலம், அருவி, முதலை வரும் இடம். முதலையைப் பற்றி அவர் அரைமணி நேரம் பேசினார். அது வாயைத் திறந்து மூடுவதற்குள் அதன் மூக்கையே கட்டையாக மிதித்துத் தாவ வேண்டுமாம். பேசும்போது அவருடைய வலது ஆட்காட்டி விரல் மடியிலிருந்தபடியே துள்ளியது. அவர் அதைக் கவனிக்கவில்லை. அவள் கவனித்தாள். கவனித்துவிட்டுச் சமையலறைக்குள் போய்க் குழாயைத் திறந்துவிட்டு நின்றாள்.

டாக்டரம்மா அவர் விரல்களை ஒவ்வொன்றாகத் தூக்கச் சொல்லிப் பார்த்தாள். மூன்று எழுந்தன. "பந்து நல்லா அமுக்கறீங்க போல" என்றாள்.

"பந்தா? ஆமா ஆமா" என்றார் மேஸ்திரி, மனைவியைப் பார்த்துக் கண்ணடித்து.

அவளுக்கு அந்தக் கண்ணடிப்பைத் தாங்க முடியவில்லை. வெற்றிகளெல்லாம் அவள் டிக் போட்டுக் கொடுத்தவை. சாகாத அணிலை யார் வேண்டுமானாலும் முதலை தாண்ட வைக்கலாம். விரல் எழுந்தது உண்மைதான். ஆனால் அந்த விரலை எழுப்பிய தைரியம்? அதற்கடியில் கலவை இல்லை. யாராவது ஒருநாள் தட்டினால் பானைச் சத்தம் கேட்கும்.

"சந்தோஷமா இருக்காரா இல்லையா?" என்றாள் கண்ணாடிக்கார அக்கா, விரிப்பின் முனையோடு நெருங்கி வந்து.

"இருக்கார். அது நான் போட்ட சந்தோஷம்க்கா."

"அப்ப நான் போடற டீயெல்லாம் என் வீட்டுக்காரர் போட்டதா? யாரோ ஒருத்தர் போடணும்ல." முனையைக் கொடுத்துவிட்டு விலகினாள். ஆவியில் வெண்மையாக மூடிய கண்ணாடிக்குப் பின்னால் அவள் கண் தெரியவில்லை. "சொல்லணும்னு தோணுதா?"

"தோணுது. சொன்னா மறுபடி சுவத்தப் பார்த்துப் படுத்துருவாரு."

"அப்ப சொல்லாத."

"சொல்லாம எத்தனை நாளைக்கு?"

அக்கா அடுத்த முனையை எடுத்து நீட்டினாள். விரிப்பு வந்துகொண்டே இருந்தது.

அன்று வீட்டுக்கு வந்தபோது பழைய காண்ட்ராக்டர் உட்கார்ந்திருந்தார். கையில் பழம் இல்லாமல் வந்திருந்தார் என்பதால் நோயாளியைப் பார்க்க வரவில்லை என்று தெரிந்தது. வேலையோடு வந்திருந்தார்: ஒரு சின்னக் குளியலறை, டைல்ஸ் ஒட்ட ஒரே ஒரு சுவர். "உன் இஷ்டத்துக்குப் போடு மேஸ்திரி. ஆள் தர்றேன், கலவை குழைச்சுக் கொடுப்பான். அவசரம் இல்ல. உன் கைவேலையைப் பார்த்து எவ்வளவு நாளாச்சு."

"நாளைக்கே வர்றேன்" என்றார் மேஸ்திரி.

காண்ட்ராக்டர் போனபிறகு அவள் மெதுவாகக் கேட்டாள். "இவ்வளவு சீக்கிரமாவா?"

"முதலையையே தாண்டியாச்சு. சுவரு என்ன, கடிக்கவா போகுது?"

அவர் அலமாரியிலிருந்து ரப்பர் சுத்தியலை எடுத்துத் துடைத்தார். டைல்ஸுக்கு நடுவே செருகும் சின்னப் பிளாஸ்டிக் துண்டுகளை மேசைமேல் கொட்டி, வலது கையால் ஒன்றைப் பொறுக்கப் பார்த்தார். நழுவியது. மறுபடி பொறுக்கினார். அவள் திரும்பிக்கொண்டாள். நாளைக்கு வேறு ஆட்கள் பார்க்க, வேறு ஒருவரின் வீட்டில், ஒரு டைல்ஸ் அந்தக் கையிலிருந்து விழும். அதற்கு டிக் போட யாரும் இல்லை. 'நான் தொட்டா எல்லாம் சாகும்' என்று அங்கே நின்று சொல்வார். அதற்கப்புறம் அவரை எந்த அணிலும் எழுப்பாது.

காலையில் அவர் சட்டையை நீட்டினார். அவள் பித்தானைப் போடவில்லை.

"என்னங்க, ஒண்ணு சொல்லணும்."

"சாயங்காலம் சொல்லு."

"போறதுக்கு முன்னாடி சொல்லணும். அந்த அணில்..." மேசைப் பக்கம் கையைக் காட்டினாள். "அது சாகாது. நானும் பாப்பாவும் சேர்ந்து அது சாகாம பண்ணி வெச்சிருக்கோம். உயிர் இருக்கற இடத்தக் கண்டுபிடிச்சு மூணுலயே பூட்டி வெச்சிருக்கேன். தினமும் காலைல நான்தான் பூட்டறேன். நீங்க தாண்டினதெல்லாம்... என்னை மன்னிச்சிருங்க. அந்தக் கையை நம்பிப் போகாதீங்க."

மேஸ்திரியின் புருவம் சுருங்கியது.

"எது சாகாது?"

"அணில்."

"எந்த அணில்?"

"நீங்க விளையாடற அணில்தான்!"

"அடிப்பாவி" என்றார். "அந்த எழவு அணில் ஒரு நாளைக்கு எத்தனை தடவ சாகுதுன்னு தெரியுமா உனக்கு? நேத்து மட்டும் அந்த முதலை அதை எத்தனை தடவ முழுங்குச்சு! விழுந்து விழுந்து, ஆட்டம் முடிஞ்சு, முதல்லேருந்து ஆரம்பிச்சு, என் விரல் தேஞ்சுபோச்சு. சாகாதாம்ல!"

"இல்லைங்க. டிக் போட்டிருக்கேன்."

"நீ என்ன வேணா போடு. அது சாகுது."

அவள் நம்பவில்லை. தன்னைத் தேற்றுவதற்காகச் சொல்கிறார் என்று நினைத்தாள். பாப்பாவுக்குப் போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தாள். மறுமுனையில் கடையின் ஷட்டர் தூக்கும் சத்தம் கேட்டது.

"அண்ணன்கிட்ட சொல்லிட்டீங்களா? போச்சு! அண்ணே, அடிக்கிறதா இருந்தா அண்ணிய அடிக்காத, நான்தான்."

"உன்னை அப்புறம் கவனிக்கறேன். உன் பூட்டு வேலை செய்யலையாம், அதுக்கு பதில் சொல்லு."

"வேலை செய்யாம எப்படி? அண்ணி, கம்ப்யூட்டர ஆஃப் பண்ணீங்களா?"

"நான் பண்ணல. மறுநாளே கரண்ட் போச்சு. வந்ததும் போட்டேன். தினமும் போடறேன்."

"போட்டுட்டுத் தேடினீங்களா?"

"எதுக்குத் தேடணும்? அதான் கண்டுபிடிச்சு வெச்சாச்சே."

மறுமுனையில் ஒரு பெருமூச்சு. அப்புறம் சிரிப்பு. அடக்கி அடக்கிப் பார்த்து, முடியாமல் பீறிடுகிற சிரிப்பு. "ஐயோ அண்ணி. விளையாட்ட மூடித் திறந்தா எல்லா நம்பரும் வீடு மாறிடும். ஒவ்வொரு தடவயும் உயிர் வேற வீட்டுக்குக் குடி போயிடும். மறுபடி முதல்லேருந்து தேடணும். நான் சொல்ல மறந்துட்டேன். நீங்க இத்தனை நாளா காலி வீட்டுக்குப் பூட்டுப் போட்டிருக்கீங்க!"

அவள் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள். காலி வீடு. தினமும் காலையில், இரண்டு முறை இழுத்துப் பார்த்துப் பூட்டிய காலி வீடு. அப்படியானால் அருவி? முதலை? மூன்று விரல்கள்? டாக்டரம்மா சொன்னதுபோல் விரலை நடத்துகிற வேலையும் அவருக்குள் சத்தமில்லாமல் வேறு வீட்டுக்குக் குடி போயிருக்கிறது. யாரும் பூட்டாமல், யாரும் தூக்கிவிடாமல். இத்தனை நாளும் அவள் அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு முட்டை உடைத்துக்கொண்டிருந்தாள்.

மேஸ்திரி சிரிக்கவில்லை.

"முதல் நாளு சாகல" என்றார் மெல்ல. "பாப்பா வந்துட்டுப் போன அன்னிக்கு. இப்பதான் புரியுது. அன்னிக்கு ஒரே மாதிரி விழுந்துக்கிட்டே இருந்துச்சு, எழுந்துக்கிட்டே இருந்துச்சு. ஒரு இலைகூட உதிரல. வேணும்னே தள்ளிப் பார்த்தேன். தண்ணிக்குள்ள போச்சு, வாலை ஆட்டிக்கிட்டு மேல வந்துச்சு. மறுபடி தள்ளினேன். மறுபடி வந்துச்சு."

"அப்புறம்?"

"பயமா இருந்துச்சு." அதைச் சொல்ல அவருக்குக் கஷ்டமாக இருந்தது. "நான் அழுத்தினாலும் ஒண்ணுதான், அழுத்தலேன்னாலும் ஒண்ணுதான். நான் அங்க இருக்கறது அதுக்குத் தெரியவே இல்ல. அந்தக் கட்டில்ல படுத்திருக்கறமாதிரியே இருந்துச்சு. உன்கிட்ட சொல்லல. மறுநாள் பத்துமணி வாக்குல உட்கார்ந்தேன். உட்கார்ந்ததும் பொத்துனு விழுந்து செத்துச்சு பாரு... அப்பாடான்னு இருந்துச்சு."

"அண்ணே" என்றாள் பாப்பா போனில். "வேலைக்குப் போறியா?"

"போவேன். உங்கண்ணி பித்தான் போட்டாத்தான் போக முடியும்."

போனை வைத்தபிறகும் அவள் எழுந்திருக்கவில்லை. "ஒரு தடவ விளையாடுங்க" என்றாள். "நான் பார்க்கணும்."

"நேரமாச்சு."

"ஒரே ஒரு தடவ."

அவர் திறந்த சட்டையோடு உட்கார்ந்தார். இடது கையைத் தானாகவே தொடைக்கு அடியில் செருகிக்கொண்டார். அவள் நாற்காலியை இழுத்து, சமையலறைக்கு முதுகு காட்டி, அவருக்கு மிக அருகில் உட்கார்ந்தாள். ஆறு ஓடியது. கட்டைகள் வந்தன. விரல் இறங்கியது, எழுந்தது. இறங்கும் முன் ஒரு தயக்கம், நூலளவு. அணில் அந்தத் தயக்கத்துக்குக் காத்திருந்ததுபோல் தாவியது. பாலத்துக்கடியில் இருட்டில் போய் வெளிச்சத்தில் வந்தது. இத்தனை பெரிய ஆறு என்று அவளுக்குத் தெரியாது. அருவியின் விளிம்பில் அது நின்றபோது அவள் அவர் தோளைப் பிடித்துக்கொண்டாள்.

"தோள விடு. ஆடுது."

விட்டாள். அருவி தாண்டியது. முதலை வந்தது. வாய் திறந்தது. விரல் நடுங்கி, ஒரு கணம் பிந்தி இறங்கியது.

"ஐயோ!" என்று அலறினாள் அவள்.

முதலை வாயை மூடிக்கொண்டது. தண்ணீரில் வட்டங்கள் விரிந்தன. மேலே ஓர் இலை காம்பறுந்து, சுழன்று சுழன்று இறங்கி, திரையின் அடியில் காணாமல் போனது. பின்னால் மறைந்திருந்த சன்னலில் டிக் அப்படியே இருந்தது.

"பார்த்தியா, செத்துச்சா?" என்றார் பெருமையோடு.

"செத்துச்சு" என்றாள். கண்ணெல்லாம் நிறைந்து திரை கலங்கிவிட்டதால் அவள் அவருடைய கையைப் பார்த்தாள். அந்த விரல் ஏற்கெனவே விசைக்கு மேலே உயர்ந்து நின்றது, அடுத்த கட்டை வரட்டும் என்று.